சின்ன சின்ன கேமா எழுதி முடிச்சு வெளியிடுங்க: இண்டி டேபிள்டாப் ஆர்பிஜி டிசைனரா வேலை பாக்குறது எப்படி

டேபிள்டாப் ஆர்பிஜி, அதாவது நாலஞ்சு பேர் டேபிள சுத்தி உக்காந்து ஆளுக்கு ஒரு கேரக்டரா பேசி, டைஸ் உருட்டி கதைய நகத்துற விளையாட்டு, அத எழுதி சம்பாதிக்க முடியுமா, அதுவும் எந்த கம்பெனியிலயும் சேராம தனியான்னு கேக்குறவங்க கிட்ட நான் முதல்ல சொல்றது இதுதான்: முடியும், ஆனா பெரிய புக்லேர்ந்து ஆரம்பிக்காதீங்க. பெரும்பாலும் மனசுல இருக்குற திட்டம் எப்படி இருக்கும்னா, சொந்தமா ஒரு உலகம், அதுக்கு மேப், கடவுள்கள், ஆயிரம் வருஷ வரலாறு, இருபது கேரக்டர் கிளாஸ், நூறு மந்திரம், எல்லாத்தையும் 400 பக்கத்துல எழுதி ஒரு நாள் வெளியிட்டு, அது நல்லா ஓடி, அப்புறம் பாக்குற வேலைய விட்டுறலாம்னு. அந்த 400 பக்கம் முக்கால்வாசி நேரம் பாதியில நின்னுடும், முடிஞ்சாலும் உங்க பேரே கேள்விப்படாதவங்க அவ்ளோ பெரிய புக்க வாங்கி, படிச்சு, நாலு பேர கூட்டி உக்கார வெச்சு விளையாட மாட்டாங்க. சின்ன கேம் ஒண்ணு எழுதி முடிச்சு, ஜனங்க கையில குடுத்து, அவங்க விளையாடுறத பாத்து, அதுல கத்துக்கிட்டத வெச்சு அடுத்தத எழுதி, இப்படி முடிச்ச கேம்கள் சேந்து சேந்து தான் ஒருத்தர் டிசைனரா ஆகுறாரு. வருமானமும் அங்கேர்ந்து தான் வருது.

ஜான் ஹார்ப்பர் 2013ல லேசர்ஸ் அண்ட் ஃபீலிங்ஸ்னு ஒரே பக்கத்துல ஒரு கேம் போட்டாரு, ஒரு கேரக்டருக்கு ஒரே ஒரு நம்பர் தான், 2லேர்ந்து 5க்குள்ள, அறிவ வெச்சு செய்யிற வேலைன்னா அந்த நம்பருக்கு கீழ விழணும், மனச வெச்சு செய்யிறதுன்னா மேல விழணும், அவ்ளோதான். அத பாத்து எத்தனையோ பேர் தங்களோட சொந்த ஒரு பக்க கேம் எழுதியிருக்காங்க. பிளேட்ஸ் இன் தி டார்க்னு அவரோட பெரிய புக் புத்தகமா வந்தது 2017ல. மதர்ஷிப்னு ஒரு கேம எடுத்துக்குங்க, 2018ல ஒரு சின்ன புக்லெட்டா வந்துச்சு, பிளேயருக்கான பிடிஎஃப்ப காசு குடுக்காமலே எடுத்துக்கலாம், அதுக்கு பின்னாடி ஒண்ணு ஒண்ணா அட்வென்ச்சர் புக்லெட் (அந்த கேம்ல விளையாடுறதுக்கான தயார் கதை) வந்துச்சு, ஒவ்வொண்ணுக்கும் ஆளுங்க சேந்தாங்க, 2021ல பாக்ஸ் செட்டுக்கு கிக்ஸ்டார்ட்டர் (வெளியிடுறதுக்கு முன்னாடியே ஜனங்க கிட்ட காசு திரட்டுற தளம்) போட்டப்போ 14 லட்சம் டாலருக்கு மேல வந்துச்சு. அந்த தொகை எல்லாருக்கும் வரும்னு சொல்ல வரல, வராது. ஆனா அந்த தொகைக்கு முன்னாடி வரிசையா என்னென்ன வந்துச்சுன்னு பாருங்க, அத தான் நாம காப்பியடிக்கணும்.

மொதல்ல மத்தவங்க கேம விளையாடுங்க

நிறைய பேருக்கு ஆர்பிஜின்னா டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் (சுருக்கமா டி அண்ட் டி) மட்டும் தான். 1974ல கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னெசனும் போட்ட கேம், இந்த வகைய ஆரம்பிச்சு வெச்சதே அது, அதுல தப்பே இல்ல. ஆனா அது ஒண்ணு மட்டும் தெரிஞ்சுட்டு டிசைன் பண்ண உக்காந்தா, ஹிட் பாயிண்டும் (கேரக்டர் எவ்ளோ அடி தாங்கும்ங்குற நம்பர்) ஆறு ஸ்டாட்டும் (பலம், அறிவு மாதிரி திறமைக்கான நம்பர்) ஜிஎம்மும் (கேம நடத்துறவர்) இல்லாம ஒரு கேம் இருக்க முடியும்ங்குறதே தோணாது. ஃபியாஸ்கோ விளையாடுங்க, ஜிஎம்மே கிடையாது. தி கொயட் இயர் விளையாடுங்க, அங்க ஒரு சீட்டுக்கட்டும் ஒரு வெள்ளை பேப்பரும் தான், எல்லாரும் சேந்து மேப் வரைஞ்சு ஒரு ஊரோட ஒரு வருஷத்த சொல்றாங்க. அயர்ன்ஸ்வார்ன் விளையாடுங்க, தனியாவே ஆடலாம், 2018லேர்ந்து பிடிஎஃப் இலவசமா கிடைக்குது, 2019ல என்னீஸ் விருதுல சிறந்த இலவச கேமுக்கான தங்கமும் வாங்குச்சு. படிச்சா மட்டும் போதாது, ஆட்கள கூட்டி நடத்தி பாக்கணும், ஏன்னா பேப்பர்ல சப்புன்னு இருக்குற ரூல் டேபிள்ல உயிரோட இருக்கும், பேப்பர்ல பிரமாதமா இருக்குறது டேபிள்ல யாருக்குமே ஞாபகம் வராது.

விளையாடும்போது ஒரே ஒரு விஷயத்த கவனிங்க, இந்த ரூல் இங்க உக்காந்திருக்குற மனுஷங்கள என்ன செய்ய வெக்குதுன்னு. பழைய டி அண்ட் டில புதையல வெளிய கொண்டு வந்தா ஒரு தங்கக் காசுக்கு ஒரு எக்ஸ்பி (கேரக்டர் வளர்றதுக்கான பாயிண்ட்), அரக்கன கொன்னா அத விட ரொம்ப கம்மி. அதனால என்னாச்சு, பிளேயருங்க சண்டைய தவிர்த்துட்டு, ஏமாத்தி, பேரம் பேசி, பின்வாசல் வழியா புகுந்து புதையல எடுக்க பாத்தாங்க. பின்னாடி வந்த பதிப்புகள்ல எக்ஸ்பி பெரும்பாலும் அரக்கன தோக்கடிச்சா தான்னு ஆனப்புறம் அதே குகைக்குள்ள சண்டை தான் முதல் யோசனையா ஆயிடுச்சு. டன்ஜன் வேர்ல்ட்ங்குற கேம்ல டைஸ் தோத்தா எக்ஸ்பி, அதனால அங்க ஆளுங்க தைரியமா தெரியாத வேலையில கை வைக்கிறாங்க. எழுதுனவர் முன்னுரையில இந்த கேம் தைரியத்த பத்தினதுன்னு பத்து தடவ சொல்லியிருக்க வேண்டியதில்ல, அந்த ஒரு ரூலே அத செஞ்சுடும். டிசைன்னா அடிப்படையில இதுதான், மீதி எல்லாம் இதுக்கு துணை.

முதல் கேம எழுதுறது

அளவு முதல்லயே முடிவு பண்ணிடுங்க, ஒரு பக்கம், இல்ல மிஞ்சிப்போனா 8 பக்கம். கேரக்டருங்க யாரு, அவங்க மறுபடி மறுபடி செய்யிற வேலை என்ன, அந்த வேலையில எது நிச்சயமில்லாம இருக்கு, விளையாட்டு எப்போ முடியும், இந்த நாலுக்கும் ஒரு வரி பதில் இல்லாம ஸ்டாட் பத்தி யோசிக்கவே யோசிக்காதீங்க. முடிவ பத்தின கேள்விய தான் எல்லாரும் விட்டுடுறாங்க, ஆனா ஒரு ராத்திரியில முடியிற கேம் தான் முதல் தடவ உங்கள நம்பி விளையாடுறவங்களுக்கு சரிப்படும்.

டைஸ் கணக்கு கொஞ்சம் தெரிஞ்சே ஆகணும், பயப்படாதீங்க, ஸ்கூல் கணக்கு தான். 20 பக்க டைஸ் ஒண்ணு உருட்டுனா எந்த நம்பர் வர்றதுக்கும் 5 சதவீதம், +1 குடுத்தா வாய்ப்பு எப்பவும் 5 சதவீதம் ஏறும், அவ்ளோதான், எங்க இருந்தாலும் அதே அளவு. ஆறு பக்க டைஸ் ரெண்டு உருட்டி கூட்டுனா கதையே வேற, 36 வாய்ப்புல 7 மட்டும் 6 தடவ வரும், 2ம் 12ம் ஒவ்வொரு தடவ தான். அபோகலிப்ஸ் வேர்ல்ட்ங்குற கேமோட வழி வந்த கேம்கள்ல 6ம் அதுக்கு கீழயும் வந்தா சிக்கல், 7லேர்ந்து 9னா நினைச்சது நடக்கும் ஆனா ஒரு விலை உண்டு, 10ம் அதுக்கு மேலயும்னா முழு வெற்றி. போனஸ் எதுவும் இல்லாதவருக்கு சிக்கல் 41.7 சதவீதம், நடுவுல 41.7, முழு வெற்றி வெறும் 16.7. +1 குடுத்தீங்கன்னா சிக்கல் 27.8க்கு இறங்கும், முழு வெற்றி 27.8க்கு ஏறும், நடுப்பகுதி 44.4. +2ல சிக்கல் 16.7, முழு வெற்றி 41.7, நடு மறுபடி 41.7. இப்ப பாருங்க, 0லேர்ந்து +2 வரைக்கும் எது மாறுனாலும் அந்த நடுப்பகுதி மட்டும் நாப்பது சதவீதத்துக்கு மேலயே நிக்குது, அதனால இந்த வகை கேம்ல கதை எப்பவும் "ஆமா, ஆனா"ன்னே நகருது. உங்க கேம்ல அந்த உணர்வு வேணாம், ஒண்ணு ஜெயிக்கணும் இல்ல தோக்கணும்னா இந்த டைஸ் முறைய எடுக்காதீங்க. பிடிச்ச கேம்ல இருக்குன்னு எடுத்து போடாம, என்ன உணர்வு வேணும்னு முடிவு பண்ணிட்டு அதுக்கேத்த டைஸ எடுங்க, டைஸே வேணாம்னாலும் சரி, சீட்டு, டோக்கன், கேள்விப் பட்டியல்னு எவ்வளவோ இருக்கு.

எழுத்த பத்தி ஒண்ணு. ரூல்புக்க வீட்ல உக்காந்து படிக்கவும் செய்வாங்க, விளையாட்டுக்கு நடுவுல அவசரமா புரட்டவும் செய்வாங்க, ரெண்டுக்கும் ஒரே புக் உதவணும். அதனால ஒரு விஷயத்துக்கு ஒரே பேர் வைங்க, முதல் பக்கத்துல "தெம்பு"ன்னு சொன்னத அஞ்சாவது பக்கத்துல "சக்தி"ன்னு எழுதாதீங்க, அழகுக்காக வார்த்தைய மாத்துறது கதையில சரி, ரூல்ல வேணாம். ஒரு ரூல் ரெண்டு பக்கத்துல பிரிஞ்சு கிடக்க கூடாது. முக்கியமான ரூல் ஒவ்வொண்ணுக்கும் விளையாட்டு உரையாடலா ஒரு உதாரணம் குடுங்க, அதுல ஒரு தடவயாவது டைஸ் தோக்கணும், ஏன்னா ஜெயிச்சா என்ன பண்றதுன்னு எல்லாருக்கும் தெரியும், தோத்தா என்ன பண்றதுன்னு தான் ஜிஎம் திணறுவாங்க.

பிளேடெஸ்ட், இதுல கஞ்சத்தனம் பண்ணாதீங்க

பிளேடெஸ்ட்னா எழுதுன கேம விளையாட வெச்சு சோதிக்கிறது. முதல் ரவுண்டு நீங்களே நண்பர்களோட நடத்துறது. கேம் ஓடுதா, எங்க மாட்டுது, அவ்ளோ பாத்தா போதும், ரூல்ஸ் ஒரு பேப்பர்ல கிறுக்கலா இருந்தாலும் பரவால்ல. நண்பர்கள் நல்லா இருக்குன்னு தான் சொல்லுவாங்க, அத சந்தோஷமா வாங்கி வெச்சுக்குங்க, ஆனா அத வெச்சு முடிவு எடுக்காதீங்க. உண்மையான சோதனை பிளைண்ட் பிளேடெஸ்ட், அதாவது நீங்க கூட இல்லாம, நீங்க எழுதுன பேப்பர மட்டும் வெச்சு முன்பின் தெரியாத ஒரு குழு விளையாடுறது. நீங்க டேபிள்ல இருக்குற வரைக்கும் பாதி ரூல் உங்க தலையில தான் இருக்கு, உங்க குரல், உங்க உற்சாகம், நீங்க சட்டுன்னு சொல்ற விளக்கம் எல்லாம் சேந்து தான் கேம ஓட்டுது, புக் வாங்குறவங்களுக்கு அது எதுவும் கிடைக்காது. அவங்க விளையாடுறத ரெக்கார்ட் பண்ணி அனுப்ப சொல்லுங்க, இல்ல வீடியோ காலில் மைக்க ஆஃப் பண்ணிட்டு உக்காருங்க, அவங்க ஒரு ரூல தப்பா புரிஞ்சுக்கிட்டு ஆடும்போது வாய திறந்து திருத்தணும்னு கை துடிக்கும், திருத்தாதீங்க, எந்த வாக்கியத்தால தப்பா புரிஞ்சுச்சுன்னு குறிச்சு வைங்க. சில நேரம் அவங்க தப்பா ஆடுனது நீங்க எழுதுனத விட நல்லா இருக்கும், அப்போ அதையே எடுத்துக்குங்க, நன்றி பக்கத்துல அந்த குழுவோட பேர போடுங்க.

முடிஞ்சதும் "பிடிச்சுதா"ன்னு கேக்காதீங்க, அதுக்கு பிரயோஜனமான பதில் வராது. எந்த ரூல மறந்தீங்க, எந்த பக்கத்த அடிக்கடி புரட்டுனீங்க, எப்போ ஃபோன எடுத்தீங்க, அடுத்த நாள் எந்த காட்சிய பத்தி பேசுனீங்க, இப்படி நடந்தத கேளுங்க. அவங்க சொல்ற பிரச்சனைய நம்புங்க, அவங்க சொல்ற தீர்வ அப்படியே எடுக்காதீங்க. சண்டை ரொம்ப நேரம் இழுக்குது, ஹிட் பாயிண்ட குறைங்கன்னு சொன்னா, இழுக்குதுங்குறது உண்மை, ஆனா காரணம் ஹிட் பாயிண்ட்டா இருக்காது, ஒவ்வொரு ரவுண்டுலயும் எடுக்க வேண்டிய முடிவு எதுவும் இல்லாம இருக்குறதா இருக்கலாம்.

பயங்கரம், வன்முறை, இழப்பு மாதிரி விஷயங்கள் உங்க கேம்ல வந்தா பாதுகாப்பு முறைகளையும் புக்லயே எழுதுங்க. ஜான் ஸ்டாவ்ரோபோலோஸ் உருவாக்குன எக்ஸ் கார்டு இருக்கு, டேபிள்ல ஒரு கார்டு, யாருக்காவது ஒரு விஷயம் வேணாம்னா அத தொடலாம், காரணம் சொல்ல வேண்டியதில்ல. லைன்ஸ் அண்ட் வெய்ல்ஸ்னு இன்னொண்ணு, எது வரவே கூடாது, எது வந்தாலும் திரைக்கு பின்னாடி நடக்கணும்னு முன்னாடியே பேசிக்கிறது. கடைசி பக்கத்துல ஒப்புக்கு ஒட்டாம உங்க கேமோட கருவுக்கு ஏத்த மாதிரி எழுதுங்க, எந்த இடத்துல பிரச்சனை வரும்னு உங்களுக்கு தான் தெரியும்.

லைசென்ஸ்

இந்த பகுதி சலிப்பா இருக்கும்னு தாண்டி போயிடாதீங்க. விளையாடுற முறைக்கு காப்பிரைட் கிடையாது, அத விளக்கி எழுதுன வாசகத்துக்கும் படத்துக்கும் உண்டு, அமெரிக்க காப்பிரைட் ஆபீஸ் இத வெளிப்படையாவே சொல்லியிருக்கு. ரெண்டு டைஸ் உருட்டி 10க்கு மேல வந்தா வெற்றிங்குறத யாரும் சொந்தம் கொண்டாட முடியாது, ஆனா இன்னொரு புக்கோட பத்திய அப்படியே எடுத்து போட முடியாது, கேமோட பேர் டிரேட்மார்க்கா இருந்தா அதுக்கு தனி விதி. அதனால மத்தவங்க சிஸ்டத்து மேல, அதாவது அவங்க ரூல்ஸ் மேல, உங்க கேம கட்டணும்னா அவங்க என்ன அனுமதி குடுத்திருக்காங்கன்னு பாக்கணும். டி அண்ட் டிய வெளியிடுற விஸார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட் 2000ல ஓஜிஎல்னு (ஓப்பன் கேம் லைசென்ஸ்) ஒரு திறந்த லைசென்ஸ் குடுத்துச்சு, இருபது வருஷத்துக்கு மேல எத்தனையோ சின்ன பப்ளிஷருங்க அத நம்பி தான் புக் போட்டாங்க. 2023 ஜனவரியில அத மாத்தப் போறாங்கன்னு ஒரு டிராஃப்ட் கசிஞ்சதும் அத்தனை பேர் பொழப்பும் ஆட்டம் கண்டுச்சு, பெரிய எதிர்ப்பு வந்து கடைசியில ஜனவரி 27 அன்னிக்கு டி அண்ட் டி ஐந்தாம் பதிப்போட அடிப்படை ரூல்ஸ் தொகுப்ப கிரியேட்டிவ் காமன்ஸ் அட்ரிபியூஷன் 4.0 (பேர் குறிப்பிட்டா யாரும் உபயோகிக்கலாம்ங்குற திறந்த லைசென்ஸ்) கீழ விட்டாங்க, அந்த அனுமதிய இனி ரத்து பண்ண முடியாது. அதனால கட்டுறதா இருந்தா கிரியேட்டிவ் காமன்ஸ் மேல கட்டுங்கன்னு நான் அடிச்சு சொல்லுவேன். ஃபேட், பிளேட்ஸ் இன் தி டார்க் ரெண்டோட அடிப்படை ரூல்ஸும் அப்படி கிடைக்குது. அபோகலிப்ஸ் வேர்ல்ட் எழுதுன வின்சென்ட் பேக்கரும் மெக்கே பேக்கரும் அவங்க வழியில கேம் பண்றவங்கள தாராளமா பண்ண சொல்லிட்டாங்க. மோர்க் போர்க்ங்குற கேமுக்கு வெளி ஆளுங்க புக் போட தனி லைசென்ஸ் இருக்கு, வாங்க காத்துட்டு இருக்குற ஆளுங்களும் உண்டு.

டிஎம்ஸ் கில்டுன்னு ஒரு விற்பனை தளம் இருக்கு, அதுல டி அண்ட் டியோட சொந்த உலகங்களயே உபயோகிச்சு அட்வென்ச்சர் எழுதி விக்கலாம், எழுதுனவருக்கு பாதி, 50 சதவீதம். ஆனா அங்க போட்டத வேற எங்கயும் விக்க முடியாது. பயிற்சிக்கு நல்ல இடம், ஆள் சேக்கவும் நல்ல இடம், ஆனா உங்களோடதுன்னு நீங்க வெச்சுக்க விரும்புற ஒரு யோசனைய அங்க கொண்டு போகாதீங்க.

எடிட்டிங், படம், லேஅவுட்

காசு கொஞ்சம் தான் இருக்குன்னா முதல்ல எடிட்டருக்கு குடுங்க, அப்புறம் தான் படம். கண்ணுக்கு அழகா இருக்குற புக்க வாங்குவாங்க, புரியிற புக்க தான் விளையாடுவாங்க, விளையாடுனவங்க தான் நாலு பேர்கிட்ட சொல்லுவாங்க. படத்துக்கு காசே இல்லன்னா பழைய மியூசியம் படங்க இருக்கு, நியூயார்க்ல இருக்குற மெட் மியூசியம் 2017ல லட்சக்கணக்கான படங்கள யாரும் எப்படியும் உபயோகிக்கலாம்னு திறந்து விட்டுச்சு, பிரிட்டிஷ் லைப்ரரி 2013ல பழைய புத்தகங்கள்லேர்ந்து பத்து லட்சத்துக்கு மேல படங்கள ஃப்ளிக்கர்ல போட்டுச்சு. அதுல தேடி எடுத்து கறுப்பு வெள்ளையில அழுத்தமா போட்டா நல்லா கம்பீரமா இருக்கும். ஓவியர் கிட்ட வாங்குறதா இருந்தா எழுத்துல ஒப்பந்தம் போடுங்க, எத்தனை படம், எத்தனை தடவ திருத்தம், எப்போ காசு, புக்குக்கு மட்டுமா இல்ல போஸ்டர் டீசர்ட்டுக்கும் சேத்தா, ஒரிஜினல் யாருக்கு, எல்லாம். ஏஐ படம் போடலாமான்னு கேக்குறீங்கன்னா, என் பதில் வேணாம். இந்த கேம்கள வாங்குறவங்கள்ல பலர் ஓவியர்களோட நண்பர்கள், இல்ல அவங்களே ஓவியர்கள், அந்த நம்பிக்கைய இழந்தா திரும்ப வராது, அத விட முக்கியம் கூட வேலை செய்ய வேண்டியவங்க வயித்துல அடிக்க கூடாது.

லேஅவுட்டுக்கு ஸ்க்ரைபஸ்ங்குற சாஃப்ட்வேர் இலவசம், அஃபினிட்டி, இன்டிசைன் தெரிஞ்சா இன்னும் வசதி. ஸ்டேப்பிள் அடிச்ச புக்லெட்டுன்னா பக்க எண்ணிக்கை நாலின் மடங்கா இருக்கணும், படம் 300 டிபிஐ, ஓரத்துல 3 மில்லிமீட்டர் ப்ளீட் (வெட்டும்போது போற கூடுதல் ஓரம்). பிடிஎஃப்ல புக்மார்க் போடுங்க, பக்கத்துக்கு லிங்க் குடுங்க, ஸ்க்ரீன் ரீடர்ல படிக்கிறவங்களுக்கு வெறும் டெக்ஸ்ட் ஃபைல் ஒண்ணும் சேத்து வைங்க, அதுக்கு ஆகுற நேரம் ரொம்ப கம்மி. ஃபான்ட்டுக்கும் லைசென்ஸ் உண்டு, திறந்த லைசென்ஸ் ஃபான்ட்டுங்களோட நிறுத்திக்கிட்டா தலைவலி இல்ல.

விக்கிறது

இட்ச், டிரைவ்த்ரூஆர்பிஜின்னு ரெண்டு வெப்சைட்ல கடை போடுங்க. இட்ச்ல உங்க வருமானத்துல எவ்ளோ பங்கு அவங்களுக்குன்னு நீங்களே வெக்கலாம், நீங்க மாத்தலன்னா 10 சதவீதம். டிரைவ்த்ரூஆர்பிஜியில அங்க மட்டும் வித்தா உங்களுக்கு 70 சதவீதம், மத்த இடத்துலயும் வித்தா 65. அந்த 5 சதவீதத்துக்காக ஒரே இடத்துல பூட்டிக்காதீங்க. இட்ச்ல சோதனையான சின்ன கேம்கள தேடி வர்றவங்க அதிகம், டிரைவ்த்ரூல ஒரு குறிப்பிட்ட சிஸ்டத்துக்கு அட்வென்ச்சர் தேடுறவங்க அதிகம், நீங்க எழுதுனது எதுன்னு பாத்து எங்க அதிகம் உழைக்கணும்னு முடிவு பண்ணுங்க. இட்ச்ல நடக்குற கேம் ஜாம்ல கலந்துக்குங்க, ஒரு தலைப்பு, ஒரு கெடு தேதி, ஒரே நேரத்துல முடிக்கிற நிறைய பேர், முடிக்கிற பழக்கத்துக்கு இத விட நல்ல வழி எனக்கு தெரியாது. பண்டில்ல, அதாவது பலரோட கேம்கள சேத்து ஒரே விலைக்கு குடுக்குறதுல, சேர கூப்பிட்டா சேருங்க, 2020 ஜூன்ல இன நீதிக்காக இட்ச் நடத்துன பண்டில் 80 லட்சம் டாலருக்கு மேல திரட்டுச்சு, எல்லாம் நன்கொடைக்கு தான் போச்சு, ஆனா அதுல இருந்த டேபிள்டாப் கேம்கள் அது வரைக்கும் கேள்விப்படாத ஆளுங்க கைக்கு போச்சு.

விலைய ரொம்ப குறைக்காதீங்க. வாங்க முடியாதவங்களுக்கு கம்யூனிட்டி காப்பின்னு சில பிரதிய இலவசமா ஒதுக்குற பழக்கம் இட்ச்ல இருக்கு, அத செய்யுங்க, ஆனா மத்தவங்களுக்கு சரியான விலை போடுங்க. நீங்க ஒரு டாலருக்கு வித்தா பக்கத்துல பத்து டாலருக்கு விக்கிறவரோட உழைப்பையும் சேத்து மலிவாக்குறீங்க.

கிக்ஸ்டார்ட்டர்

ரெண்டு மூணு கேம் முடிச்சு, கொஞ்சம் பேர் உங்கள தெரிஞ்சுக்கிட்டப்புறம் இதுக்கு வாங்க. ஸீன்னு சொல்ற சின்ன புக்லெட்டுக்கு 2019 பிப்ரவரியில கிக்ஸ்டார்ட்டர் ஸீன் க்வெஸ்ட்னு ஆரம்பிச்சுச்சு, அதுலேர்ந்து வருஷ ஆரம்பம்னாலே ஸீன் சீசன் மாதிரி ஆயிடுச்சு, முதல் கேம்பெயினுக்கு அந்த அளவு தான் சரி. டார்கெட்ட தொடலன்னா ஒரு பைசா கூட வராது, தொட்டா கிக்ஸ்டார்ட்டருக்கு 5 சதவீதம், பேமெண்ட் கட்டணம் தனி. கேம்பெயின் போடுறதுக்கு முன்னாடி எழுத்து முழுசா முடிஞ்சிருக்கணும், இதுல மட்டும் எந்த சமரசமும் வேணாம், எழுதி முடிக்காம காசு வாங்குனவங்க அடுத்த ரெண்டு வருஷம் குற்ற உணர்ச்சியோட எழுதுறத எத்தனையோ தடவ பாக்குறோம்.

ஒரு கற்பனைக் கணக்கு போட்டு பாப்போம். 300 பேர் ஆளுக்கு 12 டாலர், மொத்தம் 3600. கட்டணம் எல்லாம் சேத்து 9 சதவீதம்னு வைங்க, 324 போச்சு, கையில 3276. டேமேஜ், தொலைஞ்சது எல்லாத்துக்கும் சேத்து 350 பிரதி, ஒண்ணுக்கு 3 டாலர்னா 1050. படம் 600. 8000 வார்த்தைக்கு எடிட்டிங் வார்த்தைக்கு 4 சென்ட்னா 320. மிச்சம் 1306. எழுதுனது, டெஸ்ட் பண்ணது, லேஅவுட், பேக்கிங், மெயிலுக்கு பதில் எல்லாம் சேத்து 200 மணி நேரம்னா மணிக்கு ஆறரை டாலர். வரி இன்னும் கழிக்கல. இத பாத்து மனசு விட வேணாம், கேம்பெயின் முடிஞ்சப்புறம் பிடிஎஃப் விக்கிறது வருஷக்கணக்குல தொடரும், அந்த காசுக்கு பிரிண்டிங் செலவு கிடையாது. ஆனா இந்த கணக்க உங்க நம்பர வெச்சு முன்னாடியே போட்டு பாத்தாகணும்.

ஷிப்பிங் காச கேம்பெயின்ல சேக்காதீங்க, அனுப்புற நேரத்துல தனியா வாங்குங்க, ஏன்னா நடுவுல கட்டணம் ஏறும், விதியும் மாறும். 2025 ஆகஸ்ட் 29லேர்ந்து அமெரிக்காவுக்கு போற சின்ன பார்சலுக்கு இருந்த 800 டாலர் வரிவிலக்கு போயிடுச்சு, ஏற்கனவே காசு வாங்கி முடிச்சவங்க எல்லாரும் திரும்ப கணக்கு போட வேண்டி வந்துச்சு. டைஸ், துணி மேப், காயின்னு ஸ்ட்ரெச் கோல்ல (டார்கெட்ட தாண்டுனா குடுக்குற கூடுதல் பொருள்) அள்ளி வீசாதீங்க, ஒவ்வொண்ணும் எடைய ஏத்தும், வேற ஃபேக்டரி, வேற தேதி, வேற கஸ்டம்ஸ் வகை. கூடுதலா குடுக்கணும்னா ஓவியருக்கும் எழுத்தாளருக்கும் கூலிய ஏத்தி குடுங்க, அத கேம்பெயின் பக்கத்துலயே சொல்லுங்க, காசு குடுக்குறவங்க அத சந்தோஷமா ஏத்துக்குறாங்க.

ஃப்ரீலான்ஸும் மத்த வருமானமும்

மத்த பப்ளிஷருக்கு எழுதுறதுல பெரும்பாலும் வார்த்தைக்கு இவ்ளோன்னு கூலி. வார்த்தைக்கு 5 சென்ட்னா 5000 வார்த்தைக்கு 250 டாலர், அதுக்கு எத்தனை நாள் ஆகும்னு உங்களுக்கு தெரியும், அத வெச்சு கட்டுப்படியாகுமான்னு பாருங்க. ஒப்பந்தத்துல எழுதுனது முழுக்க அவங்களோடதா, இல்ல ராயல்டி உண்டா, புக்குல உங்க பேர் எங்க வரும், புராஜெக்ட் நின்னு போனா எவ்ளோ குடுப்பாங்கன்னு பாருங்க. முக்கியமா காசு எப்போன்னு பாருங்க, "வெளியானப்புறம்"னு இருந்தா கையெழுத்து போடுறதுக்கு முன்னாடி "எழுதி குடுத்து 30 நாள்ல"ன்னு மாத்தி கேளுங்க, ஏன்னா புக் எப்போ வெளியாகும்ங்குறது உங்க கையில இல்ல. சொன்ன தேதியில, சொன்ன வார்த்தை அளவுல, சுத்தமா எழுதி குடுக்குறவங்கள எடிட்டருங்க மறுபடி மறுபடி கூப்பிடுறாங்க.

முழு நேரமா இதுல இருக்குறவங்கள பாத்தீங்கன்னா ஒரே வழியில காசு வரல, பழைய பிடிஎஃப் விற்பனை, வருஷத்துக்கு ஒரு கேம்பெயின், பேட்ரியான்ல ரசிகர்கள் கட்டுற சந்தா, மத்தவங்க புக்குக்கு லேஅவுட் இல்ல எடிட்டிங், காசு வாங்கி கேம் நடத்துறதுன்னு கலந்து தான் வருது. கடைகளுக்கு போகணும்னா இண்டி பிரஸ் ரெவல்யூஷன் மாதிரி விநியோகஸ்தர் இருக்காங்க, ஆனா கடைக்கு போற புக்குல அட்டை விலையில பாதியோ அதுக்கு மேலயோ தள்ளுபடியா போயிடும், அத மனசுல வெச்சு தான் அட்டை விலைய முதல்லயே போடணும். இருக்குற வேலைய அவசரப்பட்டு விடாதீங்க, ஆறு மாச செலவுக்கு காசு தனியா இருந்து, ஒரு வருஷமாவது கேம் வருமானம் சீரா வந்தப்புறம் யோசிங்க. நடுவுல வர்ற ஒரு கேம்பெயின் காச சம்பளமா நினைக்காதீங்க, அதுல பாதிக்கு மேல பிரிண்டருக்கும் ஓவியருக்கும் போக வேண்டியது, தனி அக்கவுண்ட்ல வெச்சுடுங்க.

ஆளுங்கள சேக்குறதுக்கு ஈமெயில் நியூஸ்லெட்டர் ஒண்ணு முதல் கேம் போடும்போதே ஆரம்பிங்க. சோஷியல் மீடியா மேடைங்க வரும் போகும், அங்க சேத்த ஆளுங்க உங்க கையில இல்ல, மெயில் லிஸ்ட் உங்க கையில இருக்கும். மாசம் ஒரு மெயில் போதும், என்ன எழுதிட்டு இருக்கேன், எது முடிஞ்சுது, மத்தவங்க போட்டதுல எது பிடிச்சுது. மத்தவங்க கேம பத்தி மனசார எழுதுங்க, இந்த துறை சின்னது, எல்லாரும் எல்லாரோட புக்கையும் வாங்குறவங்க தான். கன்வென்ஷனுக்கு போக முடிஞ்சா கடை போடுறத விட கேம் நடத்துறதுல நேரம் போடுங்க, ஜென் கான் மாதிரி பெரிய இடத்துல கடைக்கு முன்னாடி நடந்து போற ஆயிரம் பேர விட உங்க டேபிள்ல நாலு மணி நேரம் உக்காந்த அஞ்சு பேர் உங்கள நல்லா ஞாபகம் வெச்சிருப்பாங்க.

நாலஞ்சு கேம் வெளிய வந்தப்புறம் டவுன்லோட் எண்ணிக்கைய மட்டும் பாக்காம, எத யாராவது விளையாடிட்டு உங்களுக்கு எழுதுறாங்கன்னு பாருங்க. கேரக்டர் ஷீட்ட அவங்களே மாத்தி வரைஞ்சு அனுப்புறது, ரூல் சந்தேகம் கேக்குறது, ரெண்டாவது செஷன் நடந்துச்சுன்னு சொல்றது, இதெல்லாம் எந்த கேமுக்கு வருதோ அது சின்னதா வித்திருந்தாலும் உங்க அடுத்த வேலை அதுல தான் இருக்கு. புதுசா இன்னொரு சிஸ்டம் யோசிக்கிற ஆசைய கொஞ்சம் தள்ளி வெச்சுட்டு, அந்த கேமுக்கு 12 பக்கத்துல ஒரு அட்வென்ச்சர் எழுதுங்க, அவங்க கேட்ட சந்தேகங்களுக்கு பதில் வர்ற மாதிரி ரூல்ஸ திருத்தி ஃபைல அப்டேட் பண்ணுங்க, ஏற்கனவே வாங்குனவங்களுக்கு புது ஃபைல இலவசமா அனுப்பிட்டு, கூடவே அட்வென்ச்சர் வந்திருக்குன்னு ஒரு வரி சேத்து விடுங்க.